புல் வெட்டிய பதினோரு நிமிடம்

"மனுஷ ஜாதி தோன்றின நாள்லேர்ந்து இன்னிவரைக்கும் ஒருத்தன்கூட ஒரு சாவை ஒழுங்கா பார்த்தது கிடையாது," என்றான் டேமியன். "அழுவாங்க, ஜெபம் பண்ணுவாங்க, கையைப் பிடிச்சுக்குவாங்க, ஊருக்கெல்லாம் போன் போடுவாங்க. பார்க்க மட்டும் மாட்டாங்க. நான்தான் முதல் ஆளு."

இதைச் சொன்னபோது அவனுடைய வலது கால் அப்பாவின் துணி அலமாரி மேலும் இடது கால் ஜன்னல் விளிம்பிலும் இருந்தன. பல்லிடுக்கில் ஒரு பேட்டரி. இன்னொரு பேட்டரியைக் கேமராவுக்குள் தள்ளிக்கொண்டிருந்தான். கீழே அவன் அக்கா நரெல், அப்பாவை ஒருபக்கமாகப் புரட்டிப் பிடித்துக்கொண்டு அடியிலிருந்த ஈர விரிப்பை உருவிக்கொண்டிருந்தாள்.

"முதல் ஆளே, இறங்கி அந்தத் தலகாணிய எடுத்துக் குடு."

கேமராவில் சிவப்பு விளக்கு எரிய ஆரம்பித்துவிட்டது. சிவப்பு விளக்கு எரிந்தால் டேமியன் அந்த அறையில் இல்லை என்று அர்த்தம்.

நரெல் ஒரு கையால் அப்பாவைப் பிடித்துக்கொண்டு, ஒரு காலை நீட்டி, கால் விரலால் தலையணையை இழுத்தாள். காலை ஐந்து மணிக்கு நூற்று எண்பது பசுக்களுக்குக் கறவை மெஷினை மாட்டிக் கழற்றிவிட்டு வந்த கால் அது. அலமாரி மேலிருந்து கேமரா அந்தக் காலையே உன்னிப்பாகப் பின்தொடர்ந்தது.

டேமியன் ஆவணப்படம் எடுப்பவன். அதிலும் சுத்த சைவம். கேள்வி கேட்கக் கூடாது. விளக்குப் போடக் கூடாது. பின்னணியில் வயலின் கூடாது. யாராவது பேசினால் பதில் பேசக் கூடாது, தும்மினால் 'ஆண்டவர் காப்பாராக' என்றுகூடச் சொல்லக் கூடாது. நடந்துமுடிந்ததைத் திரும்ப நடத்திக் காட்டச் சொல்வது இருக்கிறதே, அது கொலைக் குற்றம். இரண்டு வருஷத்துக்கு முன்னால், டாக்டர்கள் அப்பாவின் நுரையீரலைப் பற்றித் தாழ்ந்த குரலில் பேசத் தொடங்கிய வாரத்தில், மெல்பர்னிலிருந்து மூன்று மணி நேரம் காரோட்டிக்கொண்டு வந்து இறங்கியவன் முதலில் சொன்ன வாக்கியமே, "நான் இங்க இருக்கறதா யாரும் நெனைக்க வேணாம்" என்பதுதான்.

"அப்பா, என்னை ஒரு நாற்காலின்னு நெனச்சுக்க," என்று விளக்கினான்.

அப்பா நோயல் யோசித்துப் பார்த்தார். "நாற்காலின்னா உக்காரவாச்சும் விடும்," என்றார்.

அதற்கு முன்னால் அவன் எடுத்த படம் பக்கத்து ஊர் நகராட்சியைப் பற்றியது. பிரதான சாலையில் ரவுண்டானா கட்டலாமா வேண்டாமா என்று ஒன்பது கவுன்சிலர்கள் பதினான்கு மாதம் பேசியதை டேமியன் மூன்று மணி நாற்பது நிமிடமாகச் சுருக்கியிருந்தான். ஐரோப்பாவில் ஏதோ ஓர் ஊரில் அதற்குப் பரிசாக ஒரு கண்ணாடிக் கட்டி கொடுத்தார்கள். நல்ல கனம். அம்மா வால்டா அதைத் துணி துவைக்கும் அறைக் கதவு சாத்திக்கொள்ளாமல் இருக்க முட்டுக்கொடுத்து வைத்திருந்தாள். ஊர் ஃபுட்பால் கிளப்பில் படத்தைப் போட்டபோது அறுபத்து மூன்று பேர் வந்தார்கள். இடைவேளைக்குப் பிறகு நான்கு பேர் இருந்தார்கள். ஒருவர் தூங்கிக்கொண்டிருந்தார். ஒருவர் தூங்கியவரின் காரில் வீட்டுக்குப் போக வேண்டியவர். மற்ற இருவர் பெற்றவர்கள்.

"கடைசியில ரவுண்டானா கட்டினாங்களா இல்லையாடா?" என்று கேட்டார் நோயல்.

"அது முக்கியமில்லப்பா. அவங்க பேசிக்கற விதம், அந்த மௌனம்..."

"எனக்கு முக்கியம்டா. டிராக்டரை அந்த வழியாத்தான் ஓட்டிட்டுப் போறேன்."

குடும்பத்தில் கேமரா வைத்திருந்த இன்னொருவன் நரெலின் புருஷன் ட்ரெவர். அவனிடம் இருந்தது போன்தான். ஆனாலும் எல்லாக் கிறிஸ்மஸும் அதில் இருந்தது. "எல்லாரும் இங்க பாருங்க! கையாட்டுங்க! மாமா, அந்தப் பொட்டலத்தை இன்னொரு தடவை பிரிங்க, சரியா விழல!" என்று அவன் கத்த, நோயல் பிரித்ததைத் திரும்பச் சுற்றித் திரும்பப் பிரிப்பார். போன வருஷத்துக்கு முந்தின கிறிஸ்மஸில் இதைக் கண்டு பொறுக்கமாட்டாமல் டேமியன், வான்கோழி வெட்டும் கத்தியைக் கையில் வைத்துக்கொண்டே எழுந்துவிட்டான்.

"மச்சான், உலகத்துல எந்த நிஜமும் ரெண்டாவது தடவை நடக்காது. 'இன்னொரு தடவை'ன்னு சொன்ன நிமிஷமே நீ படம் எடுக்கல. பொம்மலாட்டம் நடத்தற. அந்த ரெண்டு வார்த்தையை நான் செத்தாலும் சொல்லமாட்டேன்."

ட்ரெவர் மரியாதையோடு முழுவதும் கேட்டான். பிறகு, "அருமை மச்சான். அதையே இன்னொரு தடவை சொல்லு, நான் ரெக்கார்ட் போடல," என்றான்.

அன்றிலிருந்து இருவரும் பேசிக்கொள்வது பசுவைப் பற்றியும் மழையைப் பற்றியும் மட்டும்தான்.

ஆக, புதன்கிழமை காலை நிலவரம் இது. நர்ஸ் வந்து பார்த்துவிட்டு, "இன்னிக்கோ நாளைக்கோ" என்று சொல்லிப் போயிருந்தாள். டேமியன் மூன்று நாளாகக் கட்டிலை விட்டு நகரவில்லை. இரண்டு வருஷத்தில் இருநூற்றுப் பன்னிரண்டு மணி நேரம் எடுத்தாயிற்று. இனி ஒரு நிமிஷம்தான் பாக்கி. அதற்காகத்தான் மற்றதெல்லாம். அப்பாவின் பைஜாமாக் காலரில் அவன் மாட்டியிருந்த குட்டி மைக்கை திங்கட்கிழமையே நோயல் கழற்றி, பல்செட் ஊறும் தம்ளருக்குள் போட்டுவிட்டார். டேமியன் அதையும் தடுக்கவில்லை. மைக் மெதுவாக மூழ்கி, பல்லுக்கு நடுவில் போய் உட்கார்வதை முழுதாக எடுத்தான்.

நோயல் எப்போதாவது ஒரு கண்ணை மட்டும் திறப்பார். எதிரே கறுப்புக் கண்ணாடி வட்டமாக அவரைப் பார்த்துக்கொண்டிருக்கும். மூடிக்கொள்வார்.

பத்து நாற்பதுக்கு வேலிக்கு அப்பால் லெஸ்ஸின் புல்வெட்டும் வண்டி உறுமத் தொடங்கியது. லெஸ் பக்கத்துப் பண்ணைக்காரர். அந்த வண்டி அவர் இளமையில் வாங்கியது. டிராக்டர் என்று சொன்னால் நம்பலாம், விமானம் என்று சொன்னாலும் நம்பலாம். ஜன்னல் கண்ணாடி அதிர்ந்தது. பல்செட் தம்ளரில் தண்ணீர் வளையம் வளையமாக ஆடியது.

டேமியன் ஒரு நிமிஷம் பொறுத்தான். மூன்று நிமிஷம் பொறுத்தான். ஐந்தாவது நிமிஷம் கேமராவைக் கீழே இறக்கினான். சிவப்பு விளக்கு அணைந்தது.

"சத்தம் மொத்தத்தையும் நாசம் பண்ணுது."

"அதுவும் நிஜம்தானே?" என்றாள் நரெல், துண்டை மடித்தபடி. "நடக்கறது நடக்கட்டும்னு சொல்லுவியே."

"நிஜம்தான். ஆனா தப்பான நிஜம்."

"அப்ப போய் மாத்திட்டு வா."

கேலிக்குத்தான் சொன்னாள். அவன் கேமராவைத் தோளில் போட்டுக்கொண்டு கிளம்பிவிட்டான். கேமராவை விட்டுவிட்டு அவன் கழிப்பறைக்குக்கூடப் போனதில்லை. பின்வாசல் கம்பிவலைக் கதவு டபக்கென்று அடித்துக்கொண்டது. ஜன்னலோரம் நின்றிருந்த வால்டா, மகன் ஈரப் புல்லில் காலைத் தூக்கித் தூக்கி வைத்து வேலியைத் தாண்டுவதைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

அப்போது நோயல் இரண்டு கண்ணையும் திறந்தார்.

"அவன் போயிட்டானா?"

மூன்று நாளில் அவர் பேசிய முதல் பேச்சு அது. குரல் கரகரத்தாலும் தெளிவாக இருந்தது. கொட்டகைக்குள் புகுந்த தெருநாயைப் பற்றிக் கேட்பது போலக் கேட்டார்.

வால்டா திரும்பினாள். "போயிட்டான் நோயல். லெஸ்கிட்ட சண்டை போடப் போயிருக்கான்."

"அப்பாடா," என்றார் நோயல்.

உதட்டோரம் லேசாகக் கோணியது. ஒரு மூச்சு விட்டார். நிறைய நேரம் கழித்து இன்னொன்று. நரெல் துண்டை மார்போடு பிடித்துக்கொண்டு மூன்றாவதற்காகக் காத்திருந்தாள். வெளியே வண்டி உறுமிக்கொண்டே இருந்தது. கட்டில் தலைமாட்டுக் கடிகாரத்தில் பத்து ஐம்பத்திரண்டு.

வால்டா வந்து, அவர் நெற்றியில் ஒட்டியிருந்த முடியை ஒதுக்கினாள். மூடாமல் இருந்த இமையை மூடினாள். பிறகு என்ன செய்வதென்று தெரியாமல் போர்வையின் ஓரத்தை நேராக இழுத்துவிட்டாள். ஐம்பத்தோரு வருஷம் அந்த ஓரத்தைச் சரிசெய்தவள்.

கொஞ்ச நேரத்தில் வண்டிச் சத்தம் நின்றது. கம்பிவலைக் கதவு அடித்துக்கொண்டது. டேமியன் வெற்றிகரமாக உள்ளே வந்தான். முழங்கால்வரை வெட்டிய புல் ஒட்டியிருந்தது.

"இப்ப கேளு," என்றான். "எவ்வளவு அமைதி!"

அவன் கேமராவைக் கண்ணுக்குக் கொண்டுபோனான். சிவப்பு விளக்கு எரிந்தது. கண்ணாடியைத் திருகி அப்பாவின் முகத்தைத் துலக்கமாக்கினான். அதிலேயே பார்த்துக்கொண்டு நின்றான். கேமராவை இறக்காமலே, "எப்போ?" என்று கேட்டான்.

"இப்பத்தான்," என்றாள் நரெல்.

"இப்பன்னா எப்போ?"

"பத்து ஐம்பத்திரண்டு."

அவன் தரையில் உட்கார்ந்து, வேலி தாண்டியதும் பழக்கதோஷத்தில் எடுத்ததைக் கேமராவின் சிறு திரையில் பின்னால் ஓட்டிப் பார்த்தான். பத்து நாற்பத்தாறிலிருந்து பத்து ஐம்பத்தேழுவரை, அசையாத அழகான ஒரே காட்சியில், லெஸ் இருந்தார். பத்து ஐம்பத்திரண்டுக்கு லெஸ் வண்டிமேல் உட்கார்ந்தபடி, இன்ஜின் சத்தத்துக்கு மேல் கத்திக்கொண்டிருந்தார்: "தப்பா எடுத்துக்காத தம்பி! ரெண்டொரு நாள்ல ஜனங்க வரும்ல! உங்க வேலியோரம் புல்லு முழங்கால் உசரம் நிக்குது! வால்டா சங்கடப்படுவாளேன்னுதான்!"

"கடைசியா ஏதாவது சொன்னாரா?" என்று டேமியன் கேட்டான்.

வால்டா டீ போட சமையலறைக்குப் போயிருந்தாள். அது நல்லதாகப் போயிற்று. வால்டாவுக்குப் பொய் வராது. ஒரு தடவை விவசாயக் கண்காட்சியில் அவள் செய்த கேக்குக்கு இரண்டாம் பரிசு ரிப்பன் கொடுத்தார்கள். மூன்று நாள் தூக்கமில்லாமல் கிடந்துவிட்டு, அதில் போட்ட முட்டை லெஸ் வீட்டுக் கோழி போட்டது என்று சொல்லி ரிப்பனைத் திருப்பிக் கொடுத்துவிட்டு வந்தவள்.

"ஒண்ணும் சொல்லல," என்றாள் நரெல்.

சொல்லிவிட்டுக் காது மடலைத் தொட்டுக்கொண்டாள். டேமியன் அந்தக் கையைப் பார்த்தான். இருநூற்றுப் பன்னிரண்டு மணி நேரத்தில் அந்தக் கை எப்போதெல்லாம் அந்தக் காதுக்குப் போகும் என்பது உலகத்திலேயே அவன் ஒருவனுக்குத்தான் தெரியும். ஆனாலும் அவன் மேற்கொண்டு கேட்கவில்லை. கேள்வி கேட்காதது தொழில் பழக்கம்.

அடக்கம் வெள்ளிக்கிழமை பதினோரு மணிக்கு என்று முடிவாயிற்று. பாதிரியார் இரண்டு மணி என்றுதான் சொன்னார். வருகிறவர்கள் எல்லாருமே பால்பண்ணைக்காரர்கள், மூன்று மணிக்கு மாடு கறக்கப் போக வேண்டும், இரண்டு மணிக்கு வைத்தால் பிரசங்கம் கேட்க நோயல் மட்டும்தான் இருப்பார் என்று நரெல் எடுத்துச் சொன்னதும் ஒத்துக்கொண்டார்.

வியாழன் மத்தியானம் வால்டா, "கோயில்ல போட்டுக் காட்ட அப்பாவோட படம் கொஞ்சம் வேணுமாம்," என்றாள். "ரெண்டு நிமிஷம் போதும். நல்லா இருக்கற மாதிரி. உன்கிட்டதான் நிறைய இருக்கே."

"இருநூத்திப் பன்னிரண்டு மணி நேரம் இருக்கும்மா," என்றான் டேமியன். புதனுக்குப் பிறகு அவன் குரலில் முதல்முறையாகக் கொஞ்சம் உயிர் வந்தது. "ரெண்டு நிமிஷமென்ன!"

சாப்பாட்டு மேஜையில் கணினியை வைத்துக்கொண்டு உட்கார்ந்தான். ஒரு மணிக்கு உட்கார்ந்தவன் மூன்று மணிக்கும் உட்கார்ந்திருந்தான். நரெல் மாடு கறக்கப் போய்விட்டு ஆறு மணிக்கு, காலணியைப் பின்வாசலில் கழற்றிவிட்டு வந்தபோதும் அப்படியே இருந்தான்.

"கெடைச்சுதா?"

"தேடறேன்."

அவன் தோளுக்கு மேலாக எட்டிப் பார்த்தாள். திரையில் அப்பாவின் முதுகு. அடுத்தது அப்பாவின் இருமல். அடுத்தது அப்பா மாத்திரையை நாய்க்குப் போடுவது. அடுத்தது மறுபடி முதுகு. எல்லாம் உள்ளது உள்ளபடி. கோயிலில் போட்டால் பாதி ஜனம் எழுந்து டாக்டரிடம் போய்விடும்.

"சிரிக்கற மாதிரி ஒண்ணுகூட இல்லையாடா?"

"இருக்கு. ஆனா அதெல்லாம் ஆகாததுல கிடக்கு."

"ஆகாததுன்னா?"

"அவர் கேமராவைப் பார்த்துட்டா அந்தத் துண்டு ஆகாது. என்கிட்ட பேசிட்டாலும் ஆகாது. நான் அங்க இருக்கறது தெரிஞ்சுடும்ல. அதையெல்லாம் தனியா ஒதுக்கி வெச்சிருக்கேன்."

"எவ்வளவு?"

டேமியன் அந்தத் தொகுப்பைத் திறந்து காட்டினான். கட்டம் கட்டமாகத் திரை முழுக்க அப்பாவின் முகம். கீழே இழுக்க இழுக்க வந்துகொண்டே இருந்தது. எல்லா முகமும் நேராக இவர்களைப் பார்த்தது. ஒன்றில் கொட்டகை வாசலில் நின்றுகொண்டு தன் கோட்டைக் கழற்றி நீட்டிக்கொண்டிருந்தார். ஒன்றில் இரண்டு கோப்பை டீ, ஒன்றை நீட்டியபடி. ஒன்றில் உருளைக்கிழங்கை முள்கரண்டியில் குத்தி, கேமராவின் வாயைத் தேடுவதுபோல் முன்னால் கொண்டுவந்துகொண்டிருந்தார்.

"சத்தத்தை வை," என்றாள் நரெல்.

"காதுல மாட்டித்தான் கேக்கணும்."

"சரி, மாட்டிக்கறேன்."

"வேணாம்," என்றான்.

அவனே மாட்டிக்கொண்டான். நரெல் கையைக் கழுவிக்கொண்டே பார்த்தாள். திரையில் அப்பாவின் வாய் அசைந்தது. நின்றது. பதிலுக்காகக் கொஞ்சம் பொறுத்தது. பிறகு அப்பா தலையை ஆட்டிக்கொண்டு, நீட்டிய கோப்பையைத் தானே குடித்தார். அடுத்த கட்டம். வாய் அசைந்தது. பொறுத்தது. டேமியன் ஒவ்வொன்றையும் முழுதாகப் பார்த்தான். ஒரு இடத்தில் மட்டும், அப்பா கேட்டு முடித்ததும், இவன் தலை தானாக லேசாக ஆடியது. ஆமாம் என்பதுபோல.

ராத்திரிச் சாப்பாட்டுக்கு அவன் எழுந்து வந்து சொன்னது இவ்வளவுதான்: "மச்சான், உன்கிட்ட இருக்கா ஏதாவது?"

ட்ரெவர் வாயில் வைத்த சோள மணியை முழுங்காமல் நிறுத்தினான். நரெல் மேஜைக்கடியில் அவன் காலை மிதித்தாள். அவன் ஜென்மத்திலேயே முதல்தடவையாக ஒரு வார்த்தை வேடிக்கை பேசாமல் போனை எடுத்து நீட்டினான்.

வெள்ளிக்கிழமை கோயில் நிரம்பிவிட்டது. கொஞ்சம் பேர் மழைக்காலக் காலணியோடு வெளியே நின்றார்கள். லெஸ் முன் வரிசைக்கு வரமாட்டேனென்று பின்னால் தூணுக்குப் பக்கத்தில் ஒடுங்கி நின்றார். வியாழன் ஒரு நாளைக்குள் அவர் நான்கு தடவை வந்து மன்னிப்புக் கேட்டிருந்தார். ஒவ்வொரு தடவையும் ஒரு பாத்திரம் கறிக்குழம்பு கொண்டுவந்ததில் வால்டாவின் குளிர்சாதனப் பெட்டியில் பால் வைக்க இடமில்லை.

பாட்டு முடிந்ததும் சுவரில் ட்ரெவர் எடுத்த படம் ஓடியது. ஆட்டமான ஆட்டம். முதலில் ட்ரெவரின் கட்டைவிரல். பிறகு காகிதத் தொப்பி போட்ட நோயல், பொட்டலத்தைப் பிரித்து ஒரு ஜோடி சாக்ஸை எடுக்கிறார். "நல்லா இருக்கு," என்கிறார். ட்ரெவரின் குரல்: "மாமா, இன்னொரு தடவை! சரியா விழல!" நோயல் பொறுமையாகச் சுற்றிப் பிரிக்கிறார். "நல்லா இருக்குன்னேனே." "மாமா, கடைசியா ஒரே ஒரு தடவை! கொஞ்சம் சந்தோஷமா!" மூன்றாவது தடவை நோயல் பொட்டலத்தைப் பிரித்ததும் மார்பில் கை வைத்துக்கொண்டு, கண்ணை அகல விரித்து, "சாக்ஸா! எனக்கா! ஆண்டவரே, இதுக்காகவா இத்தனை வருஷம் உயிரோட இருந்தேன்!" என்று நாற்காலியோடு பின்னால் சாய்கிறார்.

கோயில் முழுக்கச் சிரித்தது. பாதிரியார் கைக்குட்டையை வாயில் வைத்துக்கொண்டார். வால்டா சிரித்துக்கொண்டே நரெலின் முழங்காலைப் பிடித்து அழுத்தினாள், வலிக்கிற அளவு. நரெல் திரும்பிப் பார்த்தாள். பக்கவாட்டில், வண்ணக் கண்ணாடி ஜன்னலுக்குக் கீழே, டேமியன் கேமராவைத் தோளில் வைத்துக்கொண்டு நின்றிருந்தான். சிவப்பு விளக்கு எரியவில்லை. வெறுமனே ஒரு கனத்தைச் சுமந்துகொண்டிருந்தான். சுவரில் படம் முடிந்து வெள்ளையாகிவிட்ட பிறகும் அங்கேயே பார்த்துக்கொண்டிருந்தான்.

கல்லறைத் தோட்டத்திலும் விளக்கு எரியவில்லை. கிளப்பில் சாண்ட்விச் சாப்பிடும்போது கேமரா காரில் இருந்தது. மூன்று பெண்கள் தனித்தனியே வந்து நரெலிடம், "உன் தம்பிக்கு உடம்பு சரியில்லையா?" என்று கேட்டார்கள்.

வீட்டுக்கு வந்தபோது மணி இரண்டே கால். வாடகைக்கு எடுத்த ஆஸ்பத்திரிக் கட்டிலைக் கொண்டுபோக இரண்டரைக்கு வண்டி வருவதாகச் சொல்லியிருந்தார்கள். அதற்குமுன் படுக்கையைக் கழற்றிவிடலாமென்று நரெல், கறுப்பு உடையின் கையை மடித்துவிட்டுக்கொண்டு அப்பாவின் அறைக்குப் போனாள்.

டேமியன் அங்கே இருந்தான். கையில் ஒன்றும் இல்லை. கையை எங்கே வைப்பதென்று தெரியாதவன்போல இரண்டையும் கோட்டுப் பையில் விட்டிருந்தான்.

"நரெல்."

"என்ன?"

"நீ எங்க நின்ன?"

அவளுக்கு முதலில் புரியவில்லை. பிறகு புரிந்தது. "கால்மாட்டுல," என்றாள்.

"அங்க போய் நில்லேன்."

போய் நின்றாள். அவன் அவளைப் பார்த்தான், கட்டிலைப் பார்த்தான்.

"கையில ஏதாவது இருந்துதா?"

"துண்டு."

அலமாரி மேலிருந்த அடுக்கிலிருந்து ஒரு துண்டை எடுத்துக் கொடுத்தான். "மடிச்சதா, பிரிச்சதா?"

"பாதி மடிச்சது."

பாதி பிரித்துக் கொடுத்தான். "அம்மா?"

"ஜன்னல்கிட்ட. நீ வேலி தாண்டறதப் பார்த்துட்டிருந்தா."

அவன் வாசல்வரை போய், "மா, ஒரு நிமிஷம் வாயேன்," என்று கூப்பிட்டான். வால்டா, சூடு ஆறாமலிருக்க டீப்பாத்திரத்துக்குப் போடும் கம்பளிக் குல்லாவைக் கையில் வைத்துக்கொண்டே வந்தாள். கால்மாட்டில் துண்டோடு நின்ற மகளைப் பார்த்தாள். மகனைப் பார்த்தாள். ஒன்றும் கேட்காமல் போய் ஜன்னலோரம் நின்று வெளியே பார்த்தாள். லெஸ் பாதியில் விட்ட புல் பாதி உயரமாகவும் பாதி குட்டையாகவும் கிடந்தது.

டேமியன் மூலையில் இருந்த நாற்காலியைத் தூக்கிக்கொண்டு வந்து கட்டிலுக்குப் பக்கத்தில் போட்டான். புதன்கிழமை அங்கே நாற்காலி இல்லை. உட்கார்ந்தான். காலி மெத்தைமேல், ஒரு கை இருந்திருக்கக்கூடிய இடத்தில், தன் கையை வைத்தான்.

"அப்புறம்?" என்றான்.

"அப்பா கண்ணத் திறந்தாரு," என்றாள் நரெல்.

"என்ன சொன்னாரு?"

வால்டா ஜன்னலிலிருந்து திரும்பி வாயைத் திறந்தாள். நரெல் முந்திக்கொண்டாள்.

"'டேமியன் இருக்கானா?'ன்னு கேட்டாரு."

அவள் கை காதை நோக்கிப் போனது. அதில் துண்டு இருந்ததால் பாதியிலேயே நின்றது. டேமியன் அந்தப் பக்கம் பார்க்கவில்லை. மெத்தையைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

வால்டா மகளையே பார்த்தாள். கையிலிருந்த கம்பளிக் குல்லாவை ஒரு தடவை உள்பக்கம் வெளிப்பக்கமாகத் திருப்பினாள்.

"இருக்கான் நோயல்னு சொன்னேன்," என்றாள். "பக்கத்துலதான் உக்காந்திருக்கான்னு சொன்னேன்."

வெளியே வண்டி வந்து நிற்கும் சத்தம் கேட்டது. ட்ரெவர் யாருடனோ பேசிக்கொண்டே நடையில் வந்தான். "இப்படித்தான் வாங்க, கட்டில் இந்த ரூம்..." என்றபடி வாசலில் தலையை நீட்டியவன் நின்றான். துண்டைப் பார்த்தான். நாற்காலியைப் பார்த்தான். தலையை மெதுவாக உள்ளே இழுத்துக்கொண்டான். "முதல்ல டீ சாப்பிடுங்க தம்பிங்களா," என்று அவன் குரல் சமையலறைப் பக்கம் நகர்ந்துபோனது. "கறிக்குழம்புகூட இருக்கு, நாலு பாத்திரம்."

டேமியன் மெத்தைமேல் வைத்த கையை எடுக்கவில்லை.

"மா," என்றான், தலையை நிமிர்த்தாமல், கேட்டும் கேட்காத குரலில். "நீ கொஞ்சம் சீக்கிரமா திரும்பிட்ட."

"அப்படியா?"

"ஆமா. இன்னொரு தடவை."

வால்டா மறுபடி ஜன்னல் பக்கம் திரும்பி நின்றாள். நரெல் துண்டைப் பாதி மடித்துக்கொண்டாள்.